ஒரு வாத்தியார், ஓர் இரவு, மூன்று எழுத்து: 1978 சூறாவளி டயறியை வாசித்தபோது

வீட்டில் நாங்கள் "சூறாவளி டயறி" என்று சொல்கிற கொப்பியை முதன்முதல் விரித்துப் பார்த்தபோது எனக்குப் பெரிய ஏமாற்றம். 1978 நவம்பர் 23, வியாழக்கிழமை. அந்தப் பக்கத்தில் இருந்தது ஆறே ஆறு வரி.

"பின்னேரம் தூறல். இரவு வடக்கன் கடுமை. குசினிக் கூரை போனது. கால் மணி ஓய்வு. பின் தெற்கால் அடித்தது. விடியமுன் விட்டது."

இவ்வளவுதான். பயம் இல்லை, அழுகை இல்லை, கடவுளே என்ற சொல்கூட இல்லை. கிழக்கிலங்கையையே புரட்டிப் போட்ட இரவு அது. 900 பேருக்கு மேல் செத்தார்கள். 10 இலட்சம் பேர்வரை பாதிக்கப்பட்டார்கள். மட்டக்களப்பு மாவட்டத்துத் தென்னையில் நூற்றுக்குத் தொண்ணூறு பங்கு அந்த ஓர் இரவிலேயே போனது. இன்றைக்கும் எங்கள் பக்கத்துப் பெரியவர்களிடம் வயது கேட்டால் "சூறாவளிக்கு நான் ஆறாம் வகுப்பு" என்றுதான் சொல்வார்கள். அப்படிப்பட்ட இரவை என் அம்மப்பா மழைக்கணக்கு எழுதுகிறவர் மாதிரி எழுதி வைத்திருந்தார்.

அவர் மட்டக்களப்பு வாவிக்கு மேற்குப் பக்கமான படுவான்கரையில் ஒரு சிறு பாடசாலையில் வாத்தியார். கொஞ்சம் வயலும் இருந்தது. அந்த இரவைப் பற்றி அவர் மூன்று தடவை எழுதியிருக்கிறார்: டயறியில் ஒருமுறை, கொழும்பிலிருந்த தம்பிக்குக் கடிதமாக ஒருமுறை, இருபது வருடம் கழித்துப் பாடசாலை மலர் ஒன்றில் நினைவுக் கட்டுரையாக ஒருமுறை. எழுதியவர் ஒருவர், இரவும் ஒன்று. ஆனால் மூன்றும் மூன்று கதை சொல்கின்றன. எதை நம்புவது என்று கேட்டுத்தான் நான் தொடங்கினேன். அந்தக் கேள்வியே பிழை என்று விளங்க எனக்கு ஒரு வருடத்துக்கு மேல் எடுத்தது.

கொப்பி வந்த வழி

மட்டக்களப்பில் வீடு பெண்பிள்ளைக்கு. மூத்த மகள் கலியாணம் முடித்தால் தாய் தகப்பன் இருந்த வீட்டை அவளுக்குக் கொடுத்துவிட்டு, பக்கத்து வளவில் இன்னொன்று கட்டிக்கொண்டு போவார்கள். அடுத்த மகளுக்கும் அப்படித்தான். அம்மப்பாவுக்கு மூன்று மகள்கள். ஆக, அவர் மூன்று வீடு மாறியிருக்கிறார். ஒவ்வொரு முறையும் பெட்டியில் ஒரு பகுதி பின்னால் தங்கிவிட்டது. அறுபதுகளின் டயறிகள் மூத்தவளான என் அம்மாவின் வீட்டுப் பரணில், எழுபதுகளின் தொடக்கத்தவை நடுவிலாளிடம், 1978 சின்னம்மாவிடம்.

இதை ஏன் இவ்வளவு நீட்டிச் சொல்கிறேன் என்றால், எங்கள் ஊர்களில் ஓர் ஆணின் எழுத்தைத் தேடுகிறவர்கள் வழக்கமாகப் போய் நிற்பது மகன் வீட்டு வாசலில். "அப்பாட ஒண்டும் எங்களிட்ட இல்லையே" என்ற பதிலோடு திரும்பி வருவார்கள். மகள்மார் வழியில் போக வேண்டும். கடிதம் இதற்கு விலக்கு: அது பெற்றவரின் சொத்து. தம்பியாரின் பெண்சாதி வீடு அக்கரைப்பற்றில். கடிதம் அங்கே ஒரு பிஸ்கட் தகரத்துக்குள் காணி உறுதிகளோடு கிடந்தது. உறுதிகளோடு கிடந்ததால் தப்பியது. வெறும் கடிதமாக இருந்திருந்தால் எப்போதோ அடுப்புக்குப் போயிருக்கும்.

எப்போது எழுதியது?

என் முதல் பிழை இங்கேதான். உள்ளூர்க் கூட்டம் ஒன்றில் இந்த ஆறு வரியையும் வாசித்துக் காட்டி, "சூறாவளி அடித்துக்கொண்டிருந்த இரவிலேயே அரிக்கன் லாம்பு வெளிச்சத்தில் எழுதியது" என்று பெருமையாகச் சொல்லிவிட்டேன். பின்வரிசையில் இருந்த ஓய்வுபெற்ற தபால் உத்தியோகத்தர் ஒருவர் எழும்பி ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "விடியமுன் விட்டது என்று 23ஆந் திகதி இரவே எப்படித் தம்பி தெரியும்?"

சபை சிரித்தது. நானும் சிரித்தேன், வேறு வழியில்லாமல்.

வீட்டுக்கு வந்து பக்கங்களை மறுபடி பார்த்தேன். 22ஆந் திகதிவரை ஊற்றுப்பேனை, நீல மை. ஈரத்தில் அந்த மை கரைந்து பக்கம் முழுக்கப் பரவியிருக்கிறது. 23 முதல் 27 வரை குமிழ்முனைப் பேனை, எழுத்துகள் கரையவில்லை. ஆகவே கொப்பி நனைந்து காய்ந்தபிறகுதான் 23ஐ எழுதியிருக்கிறார் என்று முடிவு கட்டினேன். அதுவும் அவசர முடிவு. குமிழ்முனை மை எண்ணெயில் குழைத்த மை. தண்ணீர் பட்டாலும் பரவாது. கரையவில்லை என்பதை வைத்து முன்னா பின்னா என்று எதுவும் சொல்ல முடியாது.

சாட்சி சொன்னது தாள்தான். நனைந்து காய்ந்த தாள் அலை அலையாகச் சுருங்கும். 23ஆந் திகதிப் பக்கத்தைச் சன்னல் வெளிச்சத்தில் சரித்துப் பிடித்தால், பேனைக்கோடு ஒவ்வொரு மேட்டிலும் அழுந்தி, பள்ளத்தில் அறுந்து, அடுத்த மேட்டில் மறுபடி தொடங்குவது தெரியும். "தெற்கால்" என்ற சொல்லில் "ற்" பாதிதான் விழுந்திருக்கிறது. தாள் சுருங்கிய பிறகு எழுதினால் மட்டுமே அப்படி வரும். 23, 24, 25, 26, 27 எல்லாவற்றிலும் அதே அறுப்பு, அதே பேனை, அதே சாய்வு. ஐந்து நாளையும் ஒரே இருப்பில் எழுதியிருக்கிறார். 27ஆந் திகதிக்குப் பிறகு, நினைவிலிருந்து.

இதனால் டயறியின் மதிப்புக் குறைந்துவிட்டதா? என்னைக் கேட்டால் இல்லை. ஆனால் அதன் பெயர் மாறிவிட்டது. நாலைந்து நாள் கழித்து எழுதிய நினைவுக்குறிப்பு அது. பக்கத்தின் தலையில் அச்சடித்திருக்கிற திகதி எழுதிய திகதி ஆகாது. டயறியை ஆதாரமாக எடுக்கிறவர்கள் இந்த இரண்டையும் ஒன்றாக்கிவிடுகிறார்கள். நானே ஆக்கினேன்.

பழைய டயறிகளில் திகதியைச் சோதிக்க இன்னொரு நல்ல வழி இருக்கிறது. 1966 முதல் 1971 வரை இலங்கையில் வார விடுமுறை ஞாயிறு அல்ல. போயா நாளும் (பௌர்ணமி, அமாவாசை, இடையில் வரும் இரண்டு அரைப்பிறை நாட்கள்) அதற்கு முந்திய நாளும்தான். அம்மப்பாவின் அந்தக் காலத்து டயறிகளில் பள்ளிக்கூடம் செவ்வாயில் பூட்டும், ஞாயிறில் நடக்கும். யாராவது பின்னாளில் இருந்துகொண்டு 1968 டயறி என்று ஒன்றைச் சோடித்தால் ஞாயிற்றுக்கிழமையில் மாட்டுவார். அதேபோல 1972இல் நாட்டின் பெயர் சிலோனிலிருந்து ஸ்ரீ லங்காவாக மாறியது ஆங்கில ஆவணங்களுக்கு ஒரு நல்ல எல்லைக்கல். நமக்கு அது உதவாது. தமிழில் அதற்கு முன்னும் இலங்கை, பின்னும் இலங்கை.

மரம் விழுந்த திசை

24ஆந் திகதிப் பக்கத்தில் இருப்பது கிட்டத்தட்ட ஒரு கணக்கு. "வளவில் தென்னை 43. தெற்கே விழுந்தது 31. வடக்கே 6. நிற்பது 6, அதில் 2 தலை இல்லை."

இந்த வரியைப் பல தடவை கடந்து போனேன். வாத்தியாருக்குக் கணக்கு வாய்பாடு, எண்ணியிருக்கிறார் என்று விட்டுவிட்டேன். பிறகுதான் உறைத்தது. நம்முடைய பக்கத்துச் சூறாவளி இடஞ்சுழியாகச் சுழலும். வங்காள விரிகுடாவிலிருந்து மேற்கே வருகிறது. கண் வந்து சேருமுன் காற்று வடக்கிலிருந்து அடிக்க வேண்டும். மரம் தெற்கே சாய வேண்டும். கண் தலைக்கு மேலே நிற்கும்போது காற்று ஓய வேண்டும். கண் போனதும் தெற்கிலிருந்து அடிக்க வேண்டும். வேர் ஆடி நின்ற மிச்ச மரங்கள் வடக்கே விழ வேண்டும். 31, ஓய்வு, 6. வளிமண்டலப் பாடம் படிக்காத ஒருவர், விழுந்த தன் மரங்களை எண்ணியதால், சூறாவளியின் கண் தன் ஊருக்கு மேலாலேயே போனதை எழுதி வைத்துவிட்டார். அவருக்கு அது தெரியாது.

தெரியாமல் சொன்னது என்பதால்தான் நான் அதை நம்புகிறேன். ஒரு மனிதர் தன்னைப் பற்றிச் சொல்லும்போது யாரோ கேட்டுக்கொண்டிருக்கிறார்கள் என்ற நினைப்பு எங்கோ ஓர் ஓரத்தில் இருக்கும். தென்னையை எண்ணும்போது அது இராது.

தம்பிக்கு எழுதியது

கடிதம் டிசம்பர் 2ஆந் திகதியிட்டது. "வீடு முழுக்கப் போய்விட்டது, நிற்க நிழல் இல்லை" என்று தொடங்குகிறது. டயறியிலோ குசினிக் கூரை மட்டும். நெல் வைக்கிற பட்டறைக்குக் கீழே, மூட்டைகளுக்கு நடுவே இரவைக் கழித்தார்கள், பட்டறை அசையவில்லை என்று 24ஆந் திகதிப் பக்கத்தின் அடியில் இருக்கிறது.

அம்மப்பா பொய் சொன்னாரா? கடிதத்தின் கடைசிப் பந்தியைப் பார்த்தால் விளங்கும். தகரம் எத்தனை கட்டு, சலாகை எத்தனை, கொழும்பில் வாங்கி லொறியில் ஏற்றிவிட முடியுமா என்று கேட்கிறார். அது உதவி கேட்கிற கடிதம். உதவி கேட்கிற கடிதத்தில் குசினி வீடாவது வழமைதான்; சோற்றுக்குக் கஷ்டம் என்று யாராவது எழுதினால் அன்று அடுப்பே எரியவில்லை என்று எடுக்க மாட்டோம் அல்லவா. சேதத்தை அளக்க இந்தக் கடிதம் உதவாது. ஆனால் சூறாவளிக்குப் பிந்திய இரண்டாம் கிழமையில் படுவான்கரையில் தகரத்துக்கு இருந்த தட்டுப்பாட்டை அறிய இதைவிட நல்ல சாட்சி எனக்குக் கிடைக்கவில்லை. கொடுக்கல் வாங்கல் பேசும் இடத்தில் அவர் மிகத் துல்லியம். ஆணிகூட அங்குலக் கணக்கில் கேட்டிருக்கிறார்.

மலரில் வந்தது

பாடசாலை மலர்க் கட்டுரை ஏழு பக்கம். அச்சில் வந்ததால் ஊரில் எல்லாரும் நம்புவது இதைத்தான். பிள்ளைகளையும் அயலவர்களையும் கூட்டிக்கொண்டு, நிலவு வெளிச்சத்தில் கூரைகள் பறப்பதைப் பார்த்தபடி, கோயிலுக்குப் போய் அன்றிரவு தங்கியதாக எழுதியிருக்கிறார். நல்ல நடை. ஒரு இடத்தில் தேவார வரிகூட வருகிறது.

நிலவு இருந்திருக்க முடியாது. அந்த மாதப் பௌர்ணமி நடு நவம்பரில் முடிந்துவிட்டது. 23ஆந் திகதி தேய்பிறை, நள்ளிரவு கழிந்துதான் நிலா எழும்பும். அதுவும் அந்த முகிலுக்குள். பஞ்சாங்கம் ஒன்று போதும், இதைப் பிடிக்க. கோயிலுக்குப் போனது உண்மை, ஆனால் 24ஆந் திகதி பின்னேரம். ஊரில் சுவர் முழுசாக நின்றது கோயில் மட்டும் என்பதால் அன்று எல்லாரும் அங்கே சமைத்துப் படுத்தார்கள் என்று டயறி சொல்கிறது. இருபது வருடத்தில் இரண்டு இரவு ஓர் இரவாக ஒட்டிக்கொண்டது. கட்டுரையில் ஓய்வே இல்லை. காற்று விடிய விடிய அடிக்கிறது.

செத்தவர்களின் தொகை வேறு கதை. கட்டுரையில் வருகிற எண்ணைத் தேடினேன். டயறியில் அதே எண், 27ஆந் திகதிப் பக்கத்தின் ஓரத்தில், வேறு மையில் குறுக்காக எழுதி, பக்கத்தில் "பேப்பர்" என்று ஒரு சொல். ஆகவே டயறியும் கட்டுரையும் ஒத்துப்போகின்றன என்று இரண்டு சாட்சி கணக்குக் காட்ட முடியாது. இரண்டுமே பத்திரிகையின் எதிரொலி. அவர் கண்ணால் கண்டது ஊரில் மூன்று பேர். மூன்று பேரையும் முறை சொல்லி எழுதியிருக்கிறார், பெயர் போட்டு அல்ல.

அதற்காக மலர்க் கட்டுரையைத் தூக்கி எறியச் சொல்லவில்லை. 1978ஐ அறிய அது பலவீனமான ஆதாரம். ஆனால் தொண்ணூறுகளின் கடைசியில், எத்தனையோ அழிவுகளுக்குப் பிறகு, ஒரு வாத்தியார் தன் ஊரை எப்படி நினைத்துப் பார்க்க விரும்பினார் என்று கேட்டால் அது முதல்தரமான ஆதாரம். ஊர் முழுக்க ஒரே கூரையின் கீழ் இருந்த ஓர் இரவு அவருக்குத் தேவைப்பட்டிருக்கிறது.

இப்படி ஒரே கை இரண்டு காலத்தில் எழுதியது புதுமையல்ல. 1908 முதல் 1911 வரை அம்பாந்தோட்டையில் உதவி அரசாங்க அதிபராக இருந்த லெனார்ட் வூல்ஃப் அன்றாடம் உத்தியோக டயறி எழுதினார். அது மேலதிகாரிகளின் கண்ணுக்குப் போகிற டயறி. ஏறத்தாழ ஐம்பது வருடம் கழித்து அதே நாட்களைப் பற்றித் தன்வரலாறும் எழுதினார். டயறியில் உப்பும் கால்நடைநோயும் நிறைய. தன்வரலாற்றில் தன் மனச்சாட்சி நிறைய.

சொல் தெரியாமல் வாசித்தால்

டயறியின் படம் ஒன்றைக் கொழும்பில் இருக்கிற நண்பருக்கு அனுப்பினேன். 25ஆந் திகதியில் "பாதை ஓடவில்லை" என்று இருந்ததை அவர் "வீதிப் போக்குவரத்துத் தடைப்பட்டிருந்தது" என்று குறிப்பெடுத்துவிட்டார். எங்கள் பக்கத்தில் பாதை என்றால் வாவியைக் கடக்கிற மிதவை. மண்டூருக்கும் குருமண்வெளிக்கும் இடையில், அம்பிளாந்துறைக்கும் குருக்கள்மடத்துக்கும் இடையில் ஆளையும் சைக்கிளையும் ஏற்றிப் போவது. பாதை ஓடவில்லை என்றால் படுவான்கரை, வாவிக்குக் கிழக்கே கடற்கரைப் பக்கமான எழுவான்கரையிலிருந்து அறுந்துவிட்டது என்று பொருள். நிவாரணம் ஏன் பிந்தியது என்பதற்கான விடையே அந்த இரண்டு சொல்லுக்குள் இருக்கிறது.

ஆடி மாதத்து "கச்சான் கடுமை" என்பதையும் நிலக்கடலை அறுவடை என்று ஒருவர் எடுக்கக்கூடும். அது மேல்காற்று. இன்னொன்று: 1961இல் அம்பாறை தனி மாவட்டமாகப் பிரிந்து பதினேழு வருடமான பிறகும் அம்மப்பாவுக்குத் திருக்கோவில்வரை மட்டக்களப்புத்தான். அவர் "மட்டக்களப்பில் சேதம்" என்று எழுதினால் இன்றைய மாவட்டப் புள்ளிவிபரத்தோடு நேராகப் பொருத்தக்கூடாது.

மட்டக்களப்பைப் பற்றிப் பழைய குறிப்புகள் இல்லாமல் இல்லை. 1602இல் கப்பலில் வந்து இறங்கிய ஒல்லாந்தர் ஸ்பில்பேர்கனின் பயணக்குறிப்பு இருக்கிறது. 1794இல் ஒல்லாந்த அதிகாரி பேர்ணன் தனக்குப் பின் வருபவருக்காக எழுதிவைத்த நெடுங்குறிப்பு இருக்கிறது. எல்லாம் வந்தவர்கள் பார்த்தது. பாதை ஓடவில்லை என்று எழுத இங்கே இருந்தவர் வேண்டும்.

அம்மம்மா

மூன்று எழுத்திலும் அம்மம்மாவின் பெயர் இல்லை. டயறியில் அவர் "வீட்டில்" என்ற ஒரு சொல். "வீட்டில் சுகமில்லை." "வீட்டில் மண்டூர் போனது." அந்தக் காலத்து ஆண்கள் எழுதுகிற முறை அது. கோபப்பட்டு ஆகப்போவது ஒன்றுமில்லை. ஆனால் கேட்க ஆள் இருக்கும்போது கேட்காமல் விட்டால் பிழை நம்முடையது.

கட்டுரையை வாசித்துக் காட்டினேன். கோயில் இடம் வந்ததும் வெற்றிலையைத் துப்பிவிட்டுச் சொன்னார்: "அவரு என்னத்தக் கூட்டிட்டுப் போன, மனே? பட்டறைக்குக் கீழ நான்தான் மூண்டு பேரையும் புடிச்சிட்டிருந்தன். காத்து நிண்டிட்டு எண்டு நான் மாட்ட அவுக்க வெளிய போன. வானத்துல நட்சத்திரம் தெரிஞ்ச. அவருதான் உள்ள வா எண்டு கத்தின."

ஓய்வு இருந்தது. கட்டுரை மறந்ததை அம்மம்மா வைத்திருந்தார். டயறியின் "கால் மணி ஓய்வு" அவர் வாயில் நட்சத்திரமாக வந்தது. ஆனால் வாய்மொழியையும் அப்படியே விழுங்க முடியாது. அதே இருப்பில், குசினி மேலே தென்னை விழுந்ததும் அன்றிரவுதான் என்றார். டயறிப்படி அந்த மரம் விழுந்தது அதற்கு ஐந்து வருடம் முந்திய மாரியில். பெரிய காற்று சின்னக் காற்றுகளை எல்லாம் தனக்குள் இழுத்துக்கொள்ளும்போல.

29ஆந் திகதியில் "வீட்டில் சுகமில்லை. ஆஸ்பத்திரிக்குப் போக வழியில்லை" என்று இருக்கிறது. என்ன சுகமில்லை என்று கேட்டேன். கொஞ்ச நேரம் முற்றத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார். அதை இங்கே எழுதப்போவதில்லை. டயறியில் அந்த வரி இருக்கிறது, அதன் பொருள் எனக்குத் தெரியும், அவருக்குத் தெரியும். ஆய்வுக்கு அது தேவை என்று சொல்கிறவர்கள் இருப்பார்கள். இருக்கட்டும்.

இல்லாத கொப்பிகள்

1984 முதல் 1990 வரை டயறி இல்லை. அவர் எழுதாமல் விடவில்லை. வருடம் தவறாமல் எழுதிய மனிதர். 1990இல் ஒரு பின்னேரம் கிணற்றடியில் வைத்து எரித்ததாகச் சின்னம்மா சொல்கிறார். யார் வந்தார், யார் சாப்பிட்டார், யாருக்கு நெல் கொடுத்தது என்று பெயரோடு எழுதியிருந்தால், எந்தப் பக்கத்திலிருந்து வந்து தட்டுகிறவர் கையில் அகப்பட்டாலும் அது ஆபத்து. எங்கள் மாவட்டத்தில் அந்த வருடங்களுக்குத் தனிப்பட்ட எழுத்து குறைவாகக் கிடைக்கிறது என்றால், எழுதுகிற ஆட்கள் இல்லை என்று யாரும் எடுக்கக்கூடாது.

அந்த இடைவெளிக்குக் கொஞ்சம் கைகொடுப்பது கல்வெட்டுத்தான். கோயில் கல்லில் வெட்டுவது அல்ல. செத்தவருக்குச் செய்கிற அந்தியேட்டிக் கிரியைக்கு அச்சடித்துக் கொடுக்கிற நினைவு மலர். செத்தவரைப் புகழ்வதற்கு எழுதுவது என்பதால் குணநலன் பகுதியைக் கண்ணை மூடிக்கொண்டு தாண்டலாம். ஆனால் திதி வெண்பாவைத் தாண்டக்கூடாது. வருடப் பெயர், மாதம், பிறை, திதி நான்கையும் ஒரு வெண்பாவுக்குள் கட்டி வைத்திருப்பார்கள். 1978ஐயொட்டிய காளயுக்தி வருடத்துக் கார்த்திகைத் திதிகளை எங்கள் ஊர்க் கல்வெட்டுகளில் தேடி, அம்மப்பா முறை சொல்லி எழுதிய மூன்று பேரில் இரண்டு பேரைக் கண்டுபிடித்தேன். மூன்றாமவருக்குக் கல்வெட்டு அடிக்க ஆள் இருக்கவில்லை.

ஸ்கேன் பண்ணுவதற்குச் சின்னம்மா சம்மதித்தார், ஒரு நிபந்தனையோடு: பின்பக்கத்துக் கடன் கணக்கை எடுக்கக்கூடாது. "அதுல இருக்கிற ஆக்களிட பிள்ளையள் இப்பவும் இந்த ஒழுங்கையிலதான் இருக்காங்க." அந்த நாலு பக்கத்தையும் விட்டுவிட்டுத்தான் எடுத்தேன், விட்ட இடத்தில் விட்டிருக்கிறது என்று ஒரு தாளும் வைத்தேன்.

அடுத்தது 1979. இன்னும் முழுதாக வாசிக்கவில்லை. தை மாதத்து முதல் பக்கத்தில் ஒரே வரி: "தென்னம்பிள்ளை 40. கடனுக்கு."